கேட்பதற்காகக் கேட்போம்!

முப்பத்து நான்கு ஆண்டுகள் கல்லூரியில் பொருளியல் கற்பித்திருக்கிறேன். அந்த ஆண்டுகளில் வகுப்பறையில் நான் மிக அதிகமாகக் கேட்ட கேள்வி எது என்று யாரேனும் வினவினால், சற்றுக் கூச்சத்துடன்தான் விடை சொல்ல வேண்டியிருக்கும். தேவைக்கும் அளிப்புக்கும் உள்ள தொடர்பைப் பற்றியதோ, பணவீக்கத்தின் காரணங்களைப் பற்றியதோ அல்ல அக்கேள்வி. 'புரிந்ததா?' என்பதே அது.

ஒவ்வொரு வகுப்பிலும் ஐந்தாறு முறையாவது அதைக் கேட்டிருப்பேன். அறுபது பேரும் ஒரே குரலில் 'புரிந்தது சார்' என்பார்கள். நான் கரும்பலகையைத் துடைத்துவிட்டு அடுத்த பகுதிக்குச் சென்றுவிடுவேன். பருவத் தேர்வின் விடைத்தாள்களைத் திருத்தும்போதுதான், புரிந்தது என்று சொன்னவர்களில் பலருக்கு ஒன்றும் புரிந்திருக்கவில்லை என்பது எனக்குப் புரியும். அப்போதும் குறை மாணவர்களுடையது என்றே எண்ணினேன். குறை என் கேள்வியில் இருந்தது என்பதை உணர்வதற்குள் என் பணிக்காலத்தின் முக்கால் பங்கு கழிந்துவிட்டது.

கல்வியின் தரத்தை உயர்த்துவது குறித்து நாம் நிறையப் பேசுகிறோம். திறன் வகுப்பறை, காணொலிப் பாடம், கணினி ஆய்வகம் எனப் பெரும் தொகையும் செலவிடுகிறோம். அவை தேவையில்லை என்று நான் சொல்லவில்லை. ஆனால், ஒரு ரூபாயும் செலவில்லாத, மின்சாரம் நின்றுபோனாலும் இயங்கக்கூடிய ஒரு கருவி ஒவ்வோர் ஆசிரியரிடமும் இருக்கிறது. அதுதான் கேள்வி. அதை எப்படிப் பயன்படுத்துவது என்று நமக்கு யாரும் கற்றுத் தருவதில்லை. பள்ளி ஆசிரியருக்காவது கல்வியியல் பட்டம் உண்டு. கல்லூரி ஆசிரியருக்கு முதுநிலைப் பட்டமும், தகுதித் தேர்வோ முனைவர் பட்டமோ இருந்தால் போதும். நானும் அவ்வாறு வந்தவன்தான். என் ஆசிரியர்கள் என்னிடம் எப்படிக் கேட்டார்களோ, அப்படியே நானும் என் மாணவர்களிடம் கேட்டேன்.

நம் இலக்கண மரபு இதில் நமக்கு வழிகாட்டக் கூடியது. 13-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த பவணந்தி முனிவரின் நன்னூல், வினாவை ஆறு வகையாகப் பிரிக்கிறது. பள்ளியில் நாம் அனைவரும் மனப்பாடம் செய்து, தேர்வு முடிந்ததும் மறந்துபோன பகுதி அது. விடையைத் தான் அறிந்திருந்தும், பிறருக்குத் தெரியுமா என்று அறிவதற்காகக் கேட்பது அறிவினா. அறியாததை அறிந்துகொள்ளக் கேட்பது அறியா வினா. இதுவோ அதுவோ என ஐயம் தீரக் கேட்பது ஐய வினா. ஒன்றைப் பெற்றுக்கொள்வதற்காகக் கேட்பது கொளல் வினா. ஒன்றைக் கொடுப்பதற்காகக் கேட்பது கொடை வினா. ஒரு செயலைச் செய்யுமாறு ஏவும் பொருட்டுக் கேட்பது ஏவல் வினா.

அறிவினாவுக்கு எடுத்துக்காட்டாக ஆசிரியர் மாணவரிடம் கேட்பதையும், அறியா வினாவுக்கு எடுத்துக்காட்டாக மாணவர் ஆசிரியரிடம் கேட்பதையும் நம் பாடநூல்கள் காட்டுவது வழக்கம். ஆசிரியர் என்பவர் விடை தெரிந்து கேட்பவர் என்ற எண்ணம் நம் மனத்தில் அந்த அளவுக்கு ஊறிப்போயிருக்கிறது. என் 'புரிந்ததா?' என்ற கேள்வியோ அறிவினாக்கூட இல்லை; அது ஏவல் வினா. 'புரிந்தது என்று சொல்லுங்கள். நான் அடுத்ததற்குப் போக வேண்டும்' என்பதே அதன் உட்பொருள். மாணவர்கள் அந்த ஏவலைத் தவறாமல் நிறைவேற்றினார்கள்.

இதை எனக்குக் கற்றுக்கொடுத்தது ஒரு தொண்டைக் கட்டு. 2010 டிசம்பர் மாதம். வெங்காய விலை திடீரென ஏறி, மத்திய அரசு வெங்காய ஏற்றுமதிக்குத் தடை விதித்த நாள்கள் அவை. எனக்குக் குரல் கம்மிப் போயிருந்தது. அதிகம் பேசக் கூடாது என்று மருத்துவர் சொல்லியிருந்தார். இரண்டாம் ஆண்டு மாணவர்களுக்கு அளிப்பு விதியை நடத்த வேண்டும். நாட்டு நடப்போடு தொடங்கலாம் என்று எண்ணி, 'வெங்காய விலை ஏறினால் அதைப் பயிரிடும் விவசாயிக்கு நன்மையா, தீமையா?' என்று கேட்டேன். வழக்கம்போல் முன்வரிசையிலிருந்து 'நன்மை சார்' என்று நான்கைந்து குரல்கள் எழுந்தன. நான் எதிர்பார்த்த விடையும் அதுதான். வேறொரு நாளாக இருந்தால் உடனே சாக்கட்டியை எடுத்து, இடமிருந்து வலமாக மேல்நோக்கிச் செல்லும் அளிப்புக் கோட்டை வரைந்திருப்பேன். அன்று தொண்டை வறண்டது. வெந்நீர்ப் புட்டியைத் திறந்து, மெதுவாக இரண்டு மடக்குக் குடித்தேன். வகுப்பு அமைதியாக இருந்தது.

அந்த அமைதியில், பின்வரிசைக்கு முந்தைய வரிசையிலிருந்து ஒரு கை பாதி உயர்ந்தது. மூன்று பருவங்களில் ஒருமுறைகூட வாய் திறந்திராத மாணவி. 'சொல்லம்மா' என்றேன்.

'விலை ஏறுறப்ப எங்க வீட்டுல வெங்காயம் இருக்காது சார்' என்றார்.

பெரம்பலூர்ப் பக்கம் சின்ன வெங்காயம் பயிரிடும் குடும்பம். அந்த ஆண்டு பெய்த மழையில் வயலிலேயே வெங்காயம் அழுகிவிட்டது. அதற்கு முன்பு நல்ல விளைச்சல் கண்ட பருவத்தில் வாங்குவதற்கு ஆள் இல்லை. 'வெங்காயம் இருந்தா விலை இல்ல, விலை இருந்தா வெங்காயம் இல்ல' என்று தன் தந்தை சொல்வதை அவர் சொன்னபோது, வகுப்பில் யாரும் சிரிக்கவில்லை.

நான் வரைய இருந்த கோடு தவறானதல்ல. மற்றவை மாறாதிருக்கும்போது விலை ஏறினால் அளிப்புக் கூடும் என்பது சரியே. ஆனால், அந்த டிசம்பரில் நடந்தது வேறு. மழையால் அளிப்புக் கோடே இடப்புறம் நகர்ந்துவிட்டது. அதன் விளைவாகவே விலை ஏறியது. ஒரே கோட்டின் மீது நகர்வதற்கும், கோடே இடம்பெயர்வதற்கும் உள்ள வேறுபாடு பொருளியல் மாணவர்களை ஆண்டுதோறும் தடுமாற வைக்கும் பகுதி. இருபத்தாறு ஆண்டுகள் படம் வரைந்து நான் விளக்க முயன்றதை, அந்தப் பெண் ஒரே வாக்கியத்தில் விளக்கிவிட்டார். அத்தோடு நிற்கவில்லை. 'அப்படியானால் ஏறிய விலை யாருக்குப் போயிற்று?' என்று ஒரு மாணவர் கேட்டார். இருப்பு வைத்திருந்தவருக்கு என்றார் ஒருவர். மழை பெய்யாத ஊரின் விவசாயிக்கு என்றார் இன்னொருவர். அப்படியென்றால் எல்லா விவசாயிகளையும் சேர்த்துச் சராசரி பார்த்தால் உண்மை தெரியுமா என்று மூன்றாமவர் கேட்டார். விளைச்சல் குறையும்போது விவசாயிகளின் மொத்த வருவாய்கூட உயரலாம். ஆனால், பயிரை இழந்தவரின் வருவாய் உயராது என்ற இடத்துக்கு வகுப்பு தானாகவே வந்து சேர்ந்தது.

அன்று நான் மொத்தம் பத்து நிமிடங்கள்கூடப் பேசியிருக்க மாட்டேன். அடுத்த தேர்வில், அந்தப் பகுதிக்கான விடைகளில் மட்டும் பாடநூலின் வாக்கியங்கள் இல்லை. மாணவர்களின் சொந்த வாக்கியங்கள் இருந்தன.

அறிவினாவாக நான் தொடங்கிய கேள்வி, கொளல் வினாவாக மாறியதுதான் அன்று நடந்தது. கடைக்காரரிடம் ஒரு பொருளைக் கேட்பவர், அது தன்னிடம் இல்லாததால் கேட்கிறார். என்னிடம் இல்லாத ஒன்று அந்த மாணவியிடம் இருந்தது. நான் அதைப் பெற்றுக்கொண்டேன். 'கேள்' என்ற நம் சொல்லுக்கே வினவு, செவிகொடு என்று இரு பொருள்கள் உண்டு. திருக்குறளில் 'கேள்வி' என்று பெயர்பெற்ற 42-ஆவது அதிகாரம், வினவுவதைப் பற்றியது அன்று. செவிகொடுத்துக் கேட்பதைப் பற்றியது. இரண்டுக்கும் ஒரே சொல்லை வைத்திருக்கும் நாம், வகுப்பறையில் முதற்பொருளை மட்டும் வைத்துக்கொண்டு இரண்டாவதைக் கைவிட்டுவிட்டோம்.

வெந்நீர் குடித்த அந்தச் சில வினாடிகள் செய்த வேலை என்ன என்பதை அறிய விரும்பி, பின்னர் தேடிப் படித்தேன். மேரி பட் ரோ என்ற அமெரிக்க அறிவியல் கல்வி ஆய்வாளர் இதையே ஆராய்ந்து, 1970-களில் முடிவுகளை வெளியிட்டிருந்தார். வகுப்பறைகளில் நடந்த உரையாடல்களை ஒலிநாடாவில் பதிவு செய்து அவர் அளந்து பார்த்தார். கேள்வி கேட்டபின் ஆசிரியர்கள் விடைக்காகக் காத்திருக்கும் நேரம் சராசரியாக ஒரு வினாடி அளவே இருந்தது. அதற்குள் விடை வராவிட்டால் கேள்வியை மாற்றிக் கேட்டார்கள். வேறொரு மாணவரைச் சுட்டினார்கள். அல்லது தாங்களே விடை சொல்லிவிட்டார்கள். மாணவர் விடை சொல்லி முடித்த பிறகும் அதேபோல் ஒரு வினாடிக்குள் 'சரி', 'தவறு' என்று தீர்ப்பு வந்துவிட்டது.

இந்த இரு இடங்களிலும் காத்திருக்கும் நேரத்தை மூன்று வினாடிகளுக்கு மேல் நீட்டிக்க ஆசிரியர்களுக்குப் பயிற்சி அளித்தபோது, மாணவர்களின் விடைகள் நீண்டன. விடையே இல்லாத மௌனங்கள் குறைந்தன. மாணவர்கள் தாமாக முன்வந்து பேசுவதும், ஒருவர் சொன்னதை மற்றவர் தொடர்ந்து பேசுவதும், காரணம் காட்டிப் பேசுவதும் கூடின. மந்தமானவர்கள் என்று கருதப்பட்டவர்களிடமிருந்தும் விடைகள் வந்தன. அவருடைய இன்னொரு கண்டுபிடிப்பு என்னை உறுத்தியது. நன்றாகப் படிப்பவர்கள் என்று தாங்கள் கருதிய மாணவர்களுக்காக ஆசிரியர்கள் கூடுதல் நேரம் காத்திருந்தார்கள். பின்தங்கியவர்கள் என்று கருதியவர்களுக்குக் குறைந்த நேரமே கொடுத்தார்கள். யாருக்குச் சிந்திக்க அதிக நேரம் தேவையோ, அவருக்கே அது மறுக்கப்பட்டது. நானும் முன்வரிசைக்கு நேரம் கொடுத்து, பின்வரிசைக்கு மறுத்தவன்தான்.

காத்திருப்பது மட்டும் போதாது. வருகிற விடை தவறாக இருந்தால் என்ன செய்கிறோம் என்பதும் முக்கியம். இதில் என் மனத்தை இன்றும் அரிக்கும் நிகழ்ச்சி ஒன்று உண்டு. 1990-களின் நடுப்பகுதியில் முதலாண்டு மாணவர் ஒருவர், 'அரசாங்கமே நிறையப் பணத்தை அச்சடித்து எல்லாருக்கும் கொடுத்தால் வறுமை ஒழிந்துவிடும்தானே சார்?' என்று கேட்டார். 'அடுத்த ரிசர்வ் வங்கி ஆளுநர் நீதானப்பா' என்றேன். வகுப்பே சிரித்தது. நானும் சிரித்தேன். எஞ்சிய காலம் முழுவதும் அந்த மாணவர் என் வகுப்பில் ஒரு சொல்கூடப் பேசவில்லை. அதை நான் அப்போது கவனிக்கவும் இல்லை என்பதுதான் இன்னும் பெரிய பிழை.

பணவியல் என்ற துறைக்குள் நுழைவதற்கு அதைவிடச் சிறந்த வாசல் கிடையாது. இன்று அக்கேள்வி வந்தால் நான் விடை சொல்ல மாட்டேன். 'இன்றிரவு எல்லோர் கையிலும் உள்ள பணம் இரு மடங்காகிவிட்டது என்று வைத்துக்கொள்வோம். நாளைக் காலையில் கடையில் எத்தனை அரிசி மூட்டைகள் இருக்கும்?' என்று கேட்பேன். கேட்டுவிட்டுக் காத்திருப்பேன். மூட்டைகளின் எண்ணிக்கை மாறாது, பணம் மட்டும் இரு மடங்கு என்றால் கடைக்காரர் என்ன செய்வார் என்பதை அந்த மாணவரே சொல்லிவிடுவார். விடையின் வகைகள் எட்டு என்று சொல்லும் நன்னூல், அவற்றுள் ஒன்றாக வினாவுக்கு எதிராக வினாதலையும் சேர்த்திருக்கிறது.

கிரேக்க அறிஞர் சாக்ரடீசைப் பிளேட்டோ காட்டும் 'மெனோ' என்ற உரையாடலில் இதன் முழு வடிவத்தைக் காணலாம். கல்வியறிவற்ற அடிமைச் சிறுவன் ஒருவனிடம், 2 அடி பக்கம் கொண்ட சதுரத்தைக் காட்டி, இதைப்போல் இரு மடங்கு பரப்புள்ள சதுரத்துக்குப் பக்கம் எவ்வளவு இருக்க வேண்டும் என்று கேட்கிறார் சாக்ரடீஸ். பக்கத்தை இரு மடங்காக்கி 4 அடி என்கிறான் சிறுவன். பரப்பு 8-க்குப் பதிலாக 16 ஆகிறது. பிறகு 3 அடி என்கிறான். பரப்பு 9 ஆகிறது. ஒவ்வொரு தவற்றையும் அவனே எண்ணிப் பார்த்துக் கண்டுகொள்ளும்படி அடுத்த கேள்வியை அமைக்கிறார் சாக்ரடீஸ். எனக்குத் தெரியவில்லை என்று சிறுவன் ஒப்புக்கொள்ளும் கட்டத்தை அவர் தோல்வியாகக் கருதவில்லை. தெரிந்துவிட்டதாக நினைத்திருந்ததைவிட இது மேலான நிலை என்கிறார். இறுதியில் மூலைவிட்டத்தின் மீது வரையும் சதுரமே விடை என்ற இடத்துக்குச் சிறுவன் வருகிறான். தவறான விடையை அவர் எங்கும் எள்ளவில்லை. அதையே அடுத்த படிக்கட்டாக்கினார்.

எத்தகைய கேள்விகளைக் கேட்க வேண்டும் என்பது அடுத்த செய்தி. 1956-இல் பெஞ்சமின் புளூம் தலைமையில் வெளியான வகைப்பாடு, அறிதல், புரிதல், பயன்படுத்தல், பகுத்தாய்தல், தொகுத்தல், மதிப்பிடல் என்று சிந்தனையை ஆறு படிகளாக அடுக்கியது. 2001-இல் அது திருத்தியமைக்கப்பட்டபோது, படைத்தல் உச்சிப்படி ஆயிற்று. கல்வியியல் படித்தவர்களுக்கு இது அரிச்சுவடி. ஆயினும், நம் வகுப்பறைக் கேள்விகள் முதற்படியிலேயே நின்றுவிடுகின்றன.

ஓர் எடுத்துக்காட்டுச் சொல்கிறேன். 'ரெப்போ விகிதம் என்றால் என்ன?' என்பது முதற்படிக் கேள்வி. மனப்பாடம் செய்தவர் சொல்லிவிடுவார். இதையே வேறுவிதமாகக் கேட்கலாம்: '2022 மே மாதத் தொடக்கத்தில் 4 விழுக்காடாக இருந்த ரெப்போ விகிதத்தை, 2023 பிப்ரவரிக்குள் 6.5 விழுக்காடாக ரிசர்வ் வங்கி உயர்த்தியது. வீட்டுக் கடனுக்குத் தவணை கட்டும் உன் அண்ணன் இதைப் பற்றி என்ன சொல்வார்? ஓய்வூதியப் பணத்தை வங்கியில் வைப்பாக வைத்திருக்கும் உன் தாத்தா என்ன சொல்வார்? நீ ஆளுநராக இருந்தால் இருவரில் யாருக்குச் செவிகொடுப்பாய்?' இதற்கு விடை சொல்ல வேண்டுமானால், ரெப்போ விகிதம் என்னவென்று தெரிந்திருக்க வேண்டும். அது கடன் வட்டியையும் வைப்பு வட்டியையும் எப்படித் தொடுகிறது என்று புரிந்திருக்க வேண்டும். ஒருவரின் நன்மை இன்னொருவரின் சுமையாவதை எடைபோடவும் வேண்டும். முதற்படிக் கேள்விகள் வேண்டாம் என்பதல்ல என் வாதம். அடித்தளம் இல்லாமல் மாடி இல்லை. ஆனால், அடித்தளத்தோடு நின்றுவிட்ட கட்டடத்தில் யாரும் குடியிருக்க முடியாது.

அறுபது பேர் உள்ள வகுப்பில் இது நடக்குமா என்று நண்பர்கள் கேட்பதுண்டு. இதற்கும் நன்னூலின் பொதுப்பாயிரத்தில் குறிப்பு இருக்கிறது. ஆசிரியர் சொல்வதை நன்றாகக் கேட்டுக்கொண்டாலும் மாணவர் பெறுவது காற்பங்கே. உடன் பயில்பவரோடு பழகுவதால் இன்னொரு கால். பிறருக்கு எடுத்துரைப்பதால் எஞ்சிய அரைப்பங்கு என்பது அதன் கணக்கு. 1990-களின் தொடக்கத்தில் ஹார்வர்டு பல்கலைக்கழக இயற்பியல் பேராசிரியர் எரிக் மசூர் வகுத்த முறையும் ஏறத்தாழ இதுதான். கருத்தைச் சோதிக்கும் ஒரு கேள்வியைப் பல விடைகளுடன் முன்வைக்கிறார். ஒவ்வொரு மாணவரும் தனியாகச் சிந்தித்துத் தம் விடையைத் தெரிவிக்கிறார். பிறகு பக்கத்தில் இருப்பவரிடம் தம் விடை ஏன் சரி என்று வாதிடுகிறார். மீண்டும் விடைகள் பெறப்படுகின்றன. அதன் பின்னரே ஆசிரியர் விளக்குகிறார். நூற்றுக்கணக்கானோர் அமர்ந்திருக்கும் அரங்கிலும் இது நடந்தது. நான் என் வகுப்பில் இதற்கு எந்தக் கருவியையும் பயன்படுத்தவில்லை. அ, ஆ, இ, ஈ என்ற நான்கு விடைகளுக்கு ஒன்று முதல் நான்கு வரை விரல்களை நெஞ்சோடு ஒட்டிக் காட்டச் சொன்னேன். பக்கத்தில் இருப்பவர் பார்த்துச் சிரிக்க வழியில்லை. எனக்கோ அறுபது விடைகளும் ஒரே நோக்கில் தெரிந்தன.

மாணவர்கள் கேட்கும் அறியா வினாவுக்கும் வழி செய்ய வேண்டும். 'சந்தேகம் இருந்தால் கேளுங்கள்' என்றால் யாரும் கேட்பதில்லை. தனக்கு மட்டுமே புரியவில்லையோ என்ற அச்சம் ஒவ்வொருவருக்கும் இருக்கிறது. வகுப்பு முடிய மூன்று நிமிடங்கள் இருக்கும்போது, இன்றைய பாடத்தில் குழப்பமான ஒன்றைப் பெயர் எழுதாமல் துண்டுச் சீட்டில் எழுதித் தரச் சொன்னேன். அடுத்த வகுப்பை அந்தச் சீட்டுகளிலிருந்து தொடங்கினேன். ஒரே குழப்பம் இருபது சீட்டுகளில் இருப்பதைக் கண்டபோது, குழம்பியது மாணவர்கள் மட்டுமல்ல, என் விளக்கமும்தான் என்று தெரிந்தது.

மொழி குறித்தும் ஒன்று சொல்ல வேண்டும். தமிழ்வழியில் பன்னிரண்டாம் வகுப்பு வரை படித்துவிட்டு, ஆங்கிலவழிக் கல்லூரி வகுப்பில் வந்து அமரும் மாணவரிடம் ஆங்கிலத்தில் கேள்வி கேட்டு, ஆங்கிலத்தில் விடையை எதிர்பார்க்கிறோம். அவர் கேள்வியை மொழிபெயர்த்து, சிந்தித்து, விடையைத் திரும்ப மொழிபெயர்த்து, இலக்கணப் பிழை வருமோ என்று அஞ்சி முடிப்பதற்குள் நம் ஒரு வினாடி முடிந்துவிடுகிறது. 'எந்த மொழியில் வேண்டுமானாலும் சொல்லலாம்' என்று நான் சொல்லத் தொடங்கிய பிறகு உயர்ந்த கைகளில் பல, அதுவரை உயராதவை. அந்த வெங்காய விடை ஆங்கிலத்தில்தான் வர வேண்டும் என்றிருந்தால், அது வந்தே இருக்காது.

பாடத்திட்டத்தை முடிக்க வேண்டாமா என்பது வழக்கமான மறுப்பு. கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஒரு வகுப்பில் பத்துக் கேள்விகள் கேட்டு, ஒவ்வொன்றுக்கும் மூன்று வினாடிகள் காத்திருந்தால் செலவாவது அரை நிமிடம். ஐம்பது நிமிட வகுப்பில் ஒரே ஒரு விழுக்காடு. கலந்துரையாடலுக்குக் கூடுதல் நேரம் ஆகும் என்பது உண்மை. அதற்காக நாம் சொல்லும் ஐந்து எடுத்துக்காட்டுகளில் இரண்டை விட்டுவிடலாம். ஆசிரியர் பாடத்தை முடிப்பதும் மாணவர் பாடத்தைக் கற்பதும் ஒன்றல்ல என்பதை நாம் ஒப்புக்கொண்டால், இந்தச் செலவு பெரிதாகத் தோன்றாது.

தேர்வு முறை மாறாமல் வகுப்பறை மட்டும் மாறினால் போதாது என்ற மறுப்பில் நியாயம் இருக்கிறது. 'வரையறு', 'விவரி' என்றே வினாத்தாள் கேட்குமானால், மனப்பாடம் செய்வதே மாணவருக்கு இலாபகரமான முடிவு. அதற்காக அவரைக் குறைசொல்ல முடியாது. இதன் விளைவை நாம் ஒருமுறை பார்த்தும் இருக்கிறோம். படித்ததை அன்றாட வாழ்வில் பயன்படுத்தும் திறனைச் சோதிக்கும் பன்னாட்டு மாணவர் மதிப்பீட்டுத் திட்டத்தின் 2009-ஆம் ஆண்டுச் சுற்றின் நீட்டிப்பில், இந்தியாவிலிருந்து தமிழ்நாடும் இமாசலப் பிரதேசமும் பங்கேற்றன. மொத்தம் 74 நாடுகளும் பகுதிகளும் இடம்பெற்ற பட்டியலில் இவ்விரு மாநிலங்களும் கடைசி வரிசையில் இருந்தன. நம் பிள்ளைகள் அறிவில் குறைந்தவர்கள் என்பது அதன் பொருள் அல்ல. அத்தகைய கேள்விகளை அவர்களிடம் அதுவரை யாரும் கேட்கவில்லை என்பதே அதன் பொருள்.

2021-22-ஆம் ஆண்டுக்கான அகில இந்திய உயர்கல்வி ஆய்வறிக்கையின்படி, உயர்கல்வியில் மொத்தச் சேர்க்கை விகிதம் தேசிய அளவில் 28.4 விழுக்காடு, தமிழ்நாட்டில் 47 விழுக்காடு. நாம் பெருமைப்பட வேண்டிய எண் இது. தங்கள் குடும்பத்தில் முதன்முதலாகக் கல்லூரியின் படியேறியவர்கள் பலர் இந்த எண்ணுக்குள் இருக்கிறார்கள். வயலையும் தறியையும் சந்தையையும் பாடநூலுக்கு வெளியே நேரில் அறிந்தவர்கள் அவர்கள். அவர்களை வகுப்பறைக்குள் கொண்டுவந்து சேர்க்கும் பணியை அரசும் பெற்றோரும் செய்துவிட்டார்கள். உள்ளே வந்தவர்களைப் பேச வைக்கும் பணி ஆசிரியர்களுடையது. மூன்றாண்டுகள் வாய் திறவாமல் அமர்ந்து பட்டம் பெற்றுச் செல்பவர், நேர்காணலில் மட்டுமல்ல, நாளை கிராம சபையிலும் வங்கியிலும் மருத்துவமனையிலும் வாய் திறவாமலே நிற்பார். கேள்வி கேட்கப் பழகாத குடிமக்களால் யாருக்கு இலாபம் என்பதைப் பொருளியல் படிக்காதவர்களும் சொல்லிவிடுவார்கள்.

அந்தப் பெரம்பலூர் மாணவி, இறுதியாண்டுப் பிரிவு உபசார நாளில் என்னிடம் விடைபெற வந்தார். நான் அந்த வெங்காய வகுப்பை நினைவுபடுத்தி, 'அன்று நீ சொன்னதைத்தானம்மா இப்போது ஒவ்வோர் ஆண்டும் நடத்துகிறேன்' என்றேன். அவர் சிரித்துக்கொண்டே, 'அன்னைக்கு நீங்க தண்ணி குடிக்கலைன்னா நான் பேசியிருக்கவே மாட்டேன் சார். கையத் தூக்கலாமா வேணாமான்னு யோசிக்கறதுக்குள்ள நீங்க எப்பவும் அடுத்ததுக்குப் போயிடுவீங்க' என்றார்.

ஓய்வு பெற்றபின் அடிக்கடி நினைத்துப் பார்க்கிறேன். அதற்கு முந்தைய இருபத்தாறு ஆண்டுகளில் எத்தனை பேர் கையைத் தூக்கலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தபோது நான் அடுத்ததற்குச் சென்றிருப்பேன்? எத்தனை தந்தையரின் வாக்கியங்கள் அந்த மேசைகளிலேயே தங்கிப்போயிருக்கும்? அந்தக் கணக்கை இனி நான் தீர்க்க முடியாது. இன்று வகுப்பறையில் நிற்கும் ஆசிரியர்களால் முடியும். நாளைய வகுப்பில் 'புரிந்ததா?' என்பதை விட்டுவிட்டு, உங்களுக்கே விடையறிய ஆவல் உள்ள ஒரு கேள்வியைக் கேளுங்கள். கேட்டபின், மனத்துக்குள் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணுங்கள். கடைசி வரிசையைப் பாருங்கள்.